மீன்பிடி தடைக்காலம் தொடங்குனதுல இருந்து எங்க கடுவன் பூனை மண் பெட்டிக்கு போக மாட்டேங்குது, வலை மேலயே போகுது

தங்கச்சிமடம்_கரை | மே 6, இரவு 9:40
எல்லாருக்கும் வணக்கம். எங்க வீட்டு பூனை பேரு சூடை, கடுவன், 5 வயசு ஆச்சு, ஒரு வயசுலயே ஆபரேஷன் பண்ணியாச்சு. குட்டியா இருந்ததுல இருந்து பின்வாசல்ல ஒரு பழைய பிளாஸ்டிக் பேசின்ல கடல் மணல் போட்டு வச்சிருப்போம் அதுலதான் ரெண்டும் போவான், ஒரு நாள் கூட வெளிய போனது கிடையாது. இப்ப ஏப்ரல் 15 தடைக்காலம் ஆரம்பிச்சதுல இருந்து எங்க வீட்டுக்காரர் விசைப்படகுல போகல, வலைய வீட்டுக்கு கொண்டாந்து பின்கட்டுல போட்டு பிச்சது எல்லாம் கட்டிக்கிட்டு இருக்காங்க. அந்த வலை மேல நாலு நாள்ல மூணு தடவ ஒண்ணுக்கு போயிட்டான். அவுகளுக்கு சரியான கோவம், ராத்திரி பூராம் உக்காந்து கட்டுன வலை. மாமியார் வேற, வேணும்னே பண்ணுது, சாக்குல போட்டு மார்க்கெட் பக்கம் விட்ருங்கன்னு சொல்றாங்க. எனக்கு அழுகையா வருது. என்ன பண்ணலாம் சொல்லுங்க.

ஏர்வாடி_தர்கா_ரோடு | மே 6, இரவு 10:15
போன இடத்துல மூக்க வச்சு தேச்சு ஒரு தட்டு தட்டுங்க, மறுபடி போகாது. எங்க பெரியப்பா வீட்ல அப்படித்தான் பண்ணாக.

மண்டபம்_ரிடயர்டு | மே 6, இரவு 10:52
தம்பி, தயவுசெஞ்சு அப்படி யாருக்கும் சொல்லாதீங்க. அடிச்சா பூனை என்ன கத்துக்கும்னா, உங்க கண்ணு முன்னாடி ஒண்ணுக்கு போனா அடி விழும்னு கத்துக்கும். அதுக்கப்புறம் பீரோவுக்கு பின்னாடி போய் ஒளிஞ்சு போகும், உங்களுக்கு தெரியவே தெரியாது. நான் கால்நடை ஆய்வாளரா இருந்து ரிடயர்டு ஆனவன், டாக்டர் கிடையாது, ஆனா 30 வருசத்துக்கு மேல ஆடு மாடு கோழி நாய் பூனைன்னு பாத்திருக்கேன். பூனைக்கு பழி வாங்குற புத்தியே கிடையாது. வருசக்கணக்கா ஒழுங்கா பெட்டில போன பூனை ஒரு நாள் நிறுத்துதுன்னா அதுக்கு ஒடம்புல ஏதோ ஆகுது, இல்லாட்டி அந்த பெட்டில ஏதோ பிடிக்கல, இல்லாட்டி வீட்ல ஏதோ மாறிருச்சு. மொதல்ல ஒடம்பு. மத்தது எல்லாம் அப்புறம்.

தங்கச்சிமடம் அம்மா, நாளைக்கு காலையில நான் கேக்குறத மட்டும் பாத்து சொல்லுங்க. எவ்வளவு போறான், பெரிய ஈரமா இல்ல சொட்டு சொட்டாவா? எத்தன தடவ போய் உக்காருறான்? உக்காந்தா சீக்கிரம் எந்திரிக்கிறானா இல்ல முக்கிக்கிட்டே இருக்கானா? கத்துறானா? கீழ அந்த எடத்த நக்கிக்கிட்டே இருக்கானா? மூத்திரத்துல செவப்பு தெரியுதா, வெள்ள துணிய போட்டு பாருங்க.

தங்கச்சிமடம்_கரை | மே 7, காலை 7:20
ஐயா ரொம்ப நன்றி. ராத்திரி முழிச்சிருந்து பாத்தேன். பேசினுக்கு போறான், மணல கொஞ்சம் பறிக்கிறான், உக்காருறான், எந்திரிச்சு வலைக்கு வர்றான், அங்கயும் உக்காருறான். இப்படி மணிக்கு நாலு தடவ. ஒவ்வொரு தடவையும் ஒரு ஸ்பூன் அளவுதான் இருக்கும். நக்குறது நெசந்தான் ஐயா, நான் சூட்டுக்கு நக்குறான்னு நினைச்சேன். வெள்ள வேட்டி கிழிச்சு வலை மேல போட்டேன், அதுல லேசா ரோஸ் கலர்ல ஒரு சொட்டு. இது சூடு பிடிச்சதா? எளநி குடுக்கலாமா?

மண்டபம்_ரிடயர்டு | மே 7, காலை 7:34
எளநி எல்லாம் ஊத்திக்கிட்டு இருக்காதீங்க. ஒரு துளியாவது வருதுங்கிறது நல்லது, இன்னைக்கே டாக்டர்ட்ட கொண்டு போங்க. கடுவனுக்கு மூத்திரக் குழாய் நுனியில ரொம்ப குறுகலு. உள்ள வீக்கமோ மணல் மாதிரி படிகமோ சளி மாதிரி ஒண்ணோ சேந்து அடைச்சுக்கிச்சுன்னா மூத்திரம் வெளிய வராது, பை கல்லு மாதிரி ஆயிரும். அடைச்சு ஒரு நாள் தாண்டுனா மூத்திரத்துல போக வேண்டியது ரத்தத்துல ஏறும், பொட்டாசியம் கூடி நெஞ்சு துடிப்பு கெட்டுரும், ரெண்டு மூணு நாள்ல உயிர் போயிரும். பொட்டைக்கு இது அபூர்வம், கடுவன்தான் மாட்டும், ஆபரேஷன் பண்ணதுக்கும் வரும். சொட்டும் நின்னுருச்சு, வாந்தி எடுக்குறான், சுருண்டு படுக்குறான்னா ராத்திரி 12 மணியானாலும் வண்டி பிடிக்கணும். வயித்த அமுக்கிப் பாக்காதீங்க, பை வெடிச்சுரும்.

கீழக்கரை_வாப்பாமக | மே 7, காலை 8:05
ஐயா சொல்றத கேளுங்க லாத்தா. நான் இத எழுதணுமான்னு ரெண்டு தடவ யோசிச்சேன். போன வருசம் எங்க வீட்டு கடுவன் இப்படியேதான் முக்கிக்கிட்டு உக்காந்துச்சு, நாங்க மலச்சிக்கல்னு நெனச்சுட்டோம், பாக்குறதுக்கு அப்படியேதான் இருந்துச்சு. உம்மா வெளக்கெண்ண குடுத்தாங்க. மறுநாளும் குடுத்தோம். மூணாவது நாள் காலையில கட்டிலுக்கு அடியில வெறச்சு கெடந்துச்சு. யாரும் அது மூத்திரம் போகலைன்னு பாக்கல. அப்புறந்தான் எங்க காக்கா (அண்ணன்) ஒரு டாக்டர்ட்ட கேட்டு சொன்னாங்க, அது அடைப்புன்னு. முக்குற பூனைய பாத்தா தயவுசெஞ்சு மொதல்ல ஒண்ணுக்கு வருதான்னு பாருங்க.

தங்கச்சிமடம்_கரை | மே 7, காலை 8:11
பஸ்ஸுக்கு நிக்கிறோம். அவுகளும் வர்றாங்க.

உச்சிப்புளி_தென்னந்தோப்பு | மே 7, காலை 11:30
அவங்க போயிட்டு வரட்டும், நல்லா ஆகட்டும். அதுவரைக்கும் எனக்கு ஒரு சந்தேகம். எங்க வீட்ல கடல் மணல் இல்ல, கடையில பூனை பெட்டிக்குன்னு விக்கிற வாசன மண்ணு, லிட்டர்னு சொல்வாங்க, அத வாங்கி போட்டோம், லாவண்டர் வாசன. பூனை எட்டிப்பாத்துட்டு ஓடிருச்சு, நேரா போய் பொண்ணோட ஸ்கூல் பேக்ல. அது ஏன்?

ராமேஸ்வரம்_பேத்தி | மே 7, மதியம் 12:10
வாசனை நமக்குத்தான் அக்கா, அதுக்கு மூக்கு நம்மள விட பல மடங்கு, நீங்க ஒரு கக்கூஸ் முழுக்க ஊதுபத்திய கொளுத்தி வச்சா உள்ள உக்கார முடியுமா? வாசனை இல்லாத, பொடியா, ஈரம் பட்டா கட்டியாகுற களிமண் லிட்டர்தான் முக்கால்வாசி பூனைக்கு பிடிக்கும். பூனையோட மூதாதை ஆப்பிரிக்கா, மேற்காசியா பக்கத்து பாலைவன காட்டுப்பூனை, அதுனாலதான் பொடி மணல பாத்ததும் பறிக்கத் தோணுது. பூனைக்கு களிமண் வைக்க ஆரம்பிச்சதே ஒரு கதைதான், 1947ல அமெரிக்கால மிச்சிகன்ல எட்வர்ட் லோன்னு ஒருத்தர், பக்கத்து வீட்டம்மா பூனைக்கு போடுற மணல் பனியில ஒறைஞ்சு போச்சுன்னு கேக்க, அவர் வச்சிருந்த உறிஞ்சுற களிமண்ண எடுத்து குடுத்தார், நம்ம முல்தானி மிட்டி சாதிதான் அது. அதுக்கு முந்தி அங்கயும் மணலும் சாம்பலுந்தான்.

பெட்டி விசயத்துல பொதுவா பாக்குறது: பூனை நீளத்த விட ஒண்ணரை மடங்கு நீளம் இருக்கணும், கடையில விக்கிற ட்ரே பெரும்பாலும் சின்னது, அதுக்கு மீன் டிரம்ம வெட்டி வச்சாலே மேல். எத்தன பூனை இருக்கோ அத விட ஒரு பெட்டி அதிகமா வைக்கணும். மூடி போட்ட பெட்டி வேண்டாம், நாத்தம் உள்ளயே நிக்கும். சோறு வைக்கிற எடத்துக்கு பக்கத்துல வைக்காதீங்க. தினம் ஒரு தடவயாவது அள்ளணும், ரெண்டு தடவன்னா இன்னும் நல்லது.

உச்சிப்புளி_தென்னந்தோப்பு | மே 7, மதியம் 12:41
தென்ன நார் கழிவு எங்ககிட்ட மூட மூடையா கெடக்கு. அத போடலாமா?

ராமேஸ்வரம்_பேத்தி | மே 7, மதியம் 1:02
சில பூனை ஏத்துக்கும். ஒரே நாள்ல மாத்தாதீங்க, பழச வச்சுட்டு பக்கத்துல இன்னொரு பெட்டில இத போட்டு அதுவா எதுக்கு போகுதுன்னு பாருங்க. பூனைதான் முடிவு பண்ணணும்.

தங்கச்சிமடம்_கரை | மே 7, இரவு 10:55
இப்பதான் வந்தோம். சூடைய அங்கயே வச்சுட்டு வந்தாச்சு. கூடையில வச்சு மேல வலத் துண்டு கட்டி கொண்டு போனோம், பாம்பன் பாலத்துல காத்து அடிக்கிறப்ப ஒரே கத்து கத்துனான், அப்புறம் பிரப்பன்வலசை தாண்டி சத்தமே இல்ல, அதுதான் பயமா இருந்துச்சு. டாக்டர் வயித்த தொட்டதுமே சொல்லிட்டாங்க, பாதி அடைப்பு, வழியில முழுசா அடைச்சிருக்கும்னு. என் கைய பிடிச்சு வச்சு காட்டுனாங்க, ஐயா, சின்ன ஆரஞ்சு பழம் அளவுக்கு கெட்டியா உருண்டையா இருந்துச்சு. மயக்கம் குடுத்து டியூப் விட்டாங்க. வந்தது பீட்ரூட் தண்ணி மாதிரி. அவுக வெளிய போய் நின்னுட்டாங்க, பாக்க முடியல. ரெண்டு நாள் டியூப்போட டிரிப்பு ஏத்தி வைக்கணுமாம். அவுக வழியில ஒண்ணுமே பேசல, வீட்டுக்கு வந்து வலைய எடுத்து வெளிய திண்ணையில போட்டாங்க, அவ்வளவுதான்.

கீழக்கரை_வாப்பாமக | மே 7, இரவு 11:03
அல்ஹம்துலில்லாஹ். சரியான நேரத்துல போயிட்டீங்க.

மண்டபம்_ரிடயர்டு | மே 8, காலை 6:15
நல்ல காரியம் பண்ணீங்க. இப்ப நான் ஒண்ணு கேக்குறேன், தடைக்காலம் வந்ததுல இருந்து அவனுக்கு என்ன சாப்பாடு?

தங்கச்சிமடம்_கரை | மே 8, காலை 6:50
அதத்தான் டாக்டரும் கேட்டாங்க. எப்பவும் போட் வந்தா காரல் மீன், சூடை மீன், கழிவு மீன் கொண்டு வருவாக, அவிச்சு தண்ணியோட சோத்துல பிசஞ்சு வைப்பேன். இப்ப போட் இல்ல. நாட்டுப்படகு மீன் வெல கட்டுபடியாகல. அதுனால ஒரு பை காஞ்ச தீனி வாங்கி அதத்தான் மூணு வேளையும், அப்பப்ப கருவாடு.

மண்டபம்_ரிடயர்டு | மே 8, காலை 7:30
அதான். இத நம்ம கரையில இருக்குற எல்லாரும் ஒரு தடவ யோசிக்கணும். பச்ச மீன்ல நூத்துக்கு 70 பங்குக்கு மேல தண்ணி. காஞ்ச தீனியில 10 பங்கு சுத்துவட்டாரம்தான். பாலைவனத்து சாதிங்கிறதால பூனைக்கு தாகம் கம்மி, தின்ற எலியில பல்லியில இருந்தே தண்ணி எடுத்து பழகுனது, தட்டுல தண்ணி வச்சாலும் அந்த வித்தியாசத்த குடிச்சு ஈடு கட்டாது. சாப்பாட்டுல தண்ணி கொறஞ்சா மூத்திரம் சுண்டும், சுண்டுன மூத்திரத்துல படிகம் உக்காரும், பையோட உள்தோல் எரியும். அதோட கத்திரி வெயில், கருவாட்டு உப்பு, நம்ம போர் தண்ணி உப்பு, அத பூனை மோந்து பாத்துட்டு விட்டுரும். அதுக்கும் மேல வருசம் பூராம் கடலுக்கு போற மனுசன் ரெண்டு மாசம் வீட்ல, ஆள் வர போக, பின்கட்டு முழுக்க வலை, பேசினுக்கு போற வழி அடைப்பு. பூனைக்கு மனக்கலக்கம் வந்தாலே மூத்திரப்பை வீங்கும், கிருமியே இல்லாம. வயசுக் குறைவா உள்ள பூனைக்கு வர்ற மூத்திரக் கோளாறுல பாக்டீரியா ரொம்ப அபூர்வம், அதுனால கடையில ஆன்டிபயாடிக் வாங்கி போட்டா தீராது. நான் வேலையில இருக்கிறப்பவே மே மாசம் கடுவன் கேஸ் கரையோர ஊர்ல இருந்து கூட வர்ற மாதிரி எனக்கு தோணும், கணக்கு எடுத்தது இல்ல, ஆனா தோணும்.

இன்னொண்ணு. வலி போகட்டும்னு பாரசிட்டமால் குடுத்துராதீங்க யாரும். மனுசனுக்கு சாதாரண மாத்திரை, பூனைக்கு அரை மாத்திரையே உயிர எடுத்துரும்.

தேவிபட்டினம்_நவகோள் | மே 8, காலை 9:12
அண்ணே எங்க கடுவனுக்கும் இதே நோயா? ஒரு வயசு, ஆபரேஷன் பண்ணல. நின்னுக்கிட்டே வாலத் தூக்கி நடுக்கிக்கிட்டு கதவுல, கேஸ் சிலிண்டர்ல பீச்சி அடிக்குது. நாத்தம் தாங்கல. ஆனா மண்ணுலயும் ஒழுங்கா போகுது.

மண்டபம்_ரிடயர்டு | மே 8, காலை 9:40
இல்ல தம்பி, அது எல்லை குறிக்கிறது. நோய்ல உக்காந்து போகும், கீழ ஈரம் இருக்கும். இது நின்னு பின்னால அடிக்கும், செவுத்துல கோடு வழியும். ஆபரேஷன் பண்ணுங்க, பத்து கடுவன்ல ஒம்பதுக்கு கொறஞ்சுரும் இல்ல நின்னுரும். வெளிய வேற கடுவன் ஜன்னலுக்கு வருதான்னும் பாருங்க, அத பாத்து எரிச்சல்ல அடிக்கிறதும் உண்டு.

ராமேஸ்வரம்_பேத்தி | மே 8, மதியம் 3:25
அந்த எடத்த எதால கழுவுறீங்க தேவிபட்டினம் அண்ணே?

தேவிபட்டினம்_நவகோள் | மே 8, மதியம் 3:31
பினாயில்தான். டெட்டாலும்.

ராமேஸ்வரம்_பேத்தி | மே 8, மதியம் 3:58
ரெண்டையும் நிறுத்துங்க அண்ணே. தண்ணில ஊத்துனா பால் மாதிரி வெளுக்குற சாமான் எல்லாம் பூனைக்கு விஷம், பீனால் வகைய அதோட ஈரலால செரிக்க முடியாது, கால்ல பட்டு நக்குனாலே போதும். அமோனியா இருக்குற கிளீனரும் வேண்டாம், மூத்திர வாசன மாதிரியே இருக்கும், அதுக்கு திரும்பி வா திரும்பி வான்னு கூப்புடுற மாதிரி. என்சைம் கிளீனர்னு செல்லப்பிராணி கடையில கேளுங்க, அதுதான் மூத்திரத்துல இருக்குற யூரிக் அமிலத்த ஒடைக்கும். கிடைக்காட்டி மொதல்ல தண்ணி ஒத்தி ஒத்தி எடுத்து, வாசனை இல்லாத சோப்புத்தண்ணி, அப்புறம் வெயில். வலைக்கும் அதேதான்.

எங்க ஆச்சி பூனை விசயமும் சொல்லிடறேன், தங்கச்சிமடம் அக்காவுக்கு இல்ல, வேற யாராச்சும் பின்னாடி தேடி வருவாங்க. 14 வயசு பொட்டை. பெட்டிக்கு ஒட்டி வெளியில போகும், பெட்டிக்குள்ள போகாது. ஆச்சி கண்ணு தெரியலன்னு நினைச்சாங்க. ஒரு நாள் நான் உக்காந்து பாத்தேன், பெட்டி விளிம்புல முன்கால் ரெண்டையும் வைக்குது, பின்கால தூக்க பாக்குது, முடியல, எறங்கிருது. மூட்டு வலி. ஒரு பக்கம் விளிம்ப ஆக்சா பிளேடால மூணு விரக்கட உயரத்துக்கு அறுத்து ஓரத்த சிமிண்டு சாக்கால தேச்சு வச்சேன், அன்னைக்கே உள்ள போயிருச்சு. அப்புறம் ரத்தம் பாத்தப்ப கிட்னியும் கொஞ்சம் போயிருந்துச்சு. வயசான பூனை தண்ணி நெறய குடிச்சு நெறய போனா கிட்னி, சுகர், தைராய்டு மூணையும் பாக்கணும்.

பெருங்குளம்_மருமக | மே 8, இரவு 8:47
நான் மாசமா இருக்கேன், 4 மாசம். எங்க வீட்ல பூனை பெட்டிய நான்தான் அள்ளுறேன். பூனைய வெளிய விட்ரணும்னு எல்லாரும் சொல்றாங்க. நெசமா?

மண்டபம்_ரிடயர்டு | மே 8, இரவு 9:20
விட வேண்டாம் தாயி. டாக்ஸோபிளாஸ்மான்னு ஒரு கிருமி பூனை மலத்துல வரலாம், வயித்துப் பிள்ளைக்கு ஆகாது. ஆனா மலம் விழுந்த ஒடனே அது தொத்தாது, குறைஞ்சது ஒரு நாளாவது ஆகணும். அதுனால தினமும் அள்ளணும், அள்ளுறது உங்க வீட்டுக்காரரா இருக்கட்டும். வேற வழியே இல்லைன்னா கையுறை போட்டு அள்ளி சோப்பு போட்டு கழுவுங்க. பச்ச கறி தொட்ட கை, கழுவாத கீரை, தோட்டத்து மண்ணு, இதுலயும் அதே கிருமி வரும், அதையும் பாத்துக்கங்க.

தங்கச்சிமடம்_கரை | மே 10, இரவு 7:15
சூடை வீட்டுக்கு வந்துட்டான். கல்லு இல்ல, ஸ்ட்ருவைட்னு ஒரு படிகம், அத மருந்து தீனியிலயே கரைக்கலாமாம். தண்ணி கலந்த சாப்பாடுதான் இனிமே. மறுபடி அடைக்கலாம், மொத ரெண்டு வாரம் கண்ணுலயே வச்சிருக்கணும்னு சொல்லி விட்டாங்க. டிரிப்பு போட்ட கால்ல முடி வழிச்சு விட்ருக்காங்க, பாக்க பாவமா இருக்கு. ஆனா பேசினுக்கு போக மாட்டேங்குறான் ஐயா. கிட்ட போய் மோந்துட்டு திரும்பிர்றான். இப்ப திண்ணை ஓரத்துல சிமிண்டு தரையில போறான், நல்லா போறான், கலர் தெளிவா இருக்கு.

மண்டபம்_ரிடயர்டு | மே 10, இரவு 8:02
அந்த பேசின்ல உக்காந்தா வலிக்கும்னு அவன் மனசுல பதிஞ்சிருச்சு. வலி போனாலும் அது போகாது. புது பெட்டி, புது எடம், புது மண் வைங்க. பேசின தூக்கிருங்க. மூலையில வைக்காதீங்க, ரெண்டு பக்கமும் வழி இருக்கணும். அந்த கடல் மணல எங்க இருந்து அள்ளுறீங்க?

தங்கச்சிமடம்_கரை | மே 10, இரவு 8:20
வீட்டுக்கு பின்னாடியே கரையில. வலை காயப்போடுற எடம். ஏன் ஐயா?

மண்டபம்_ரிடயர்டு | மே 10, இரவு 8:51
உப்பு மணல் காத்துல ஈரத்த இழுத்து வச்சுக்கும், காயாது, மூத்திரத்த உறிஞ்சாது, நாத்தம் சீக்கிரம் ஏறும். சிப்பி ஓடு, முள்ளு கெடக்கும், காலு குத்தும். ஊர்ப் பூனை பூராம் அங்க போயிருக்கும், அந்த வாசனையும் புழு முட்டையும் சேந்து வரும். காசு இருந்தா களிமண் லிட்டர். இல்லாட்டி மணல நல்ல தண்ணில ரெண்டு தடவ அலசி, மாவு சல்லடையில சலிச்சு, மாடியில ரெண்டு நாள் வெயில்ல காய வச்சு போடுங்க. நாலு விரக்கட ஆழம் போதும். வாரம் ஒரு தடவ பூராம் கொட்டிட்டு மாத்துங்க.

ஏர்வாடி_தர்கா_ரோடு | மே 11, காலை 8:30
நான் மொதல்ல எழுதுனத எடுத்துடுறேன்னு பாத்தேன், எடுக்க முடியல. அக்கா மன்னிச்சுக்கங்க. எங்க பெரியப்பா வீட்டு பூனையும் கடுவன்தான். அது என்ன ஆச்சுன்னு இப்பதான் யோசிக்கிறேன்.

தங்கச்சிமடம்_கரை | மே 19, இரவு 9:05
பழைய மீன் பெட்டி ஒண்ண அவுகளே வெட்டி குடுத்தாங்க, வழவழன்னு தேச்சு. மணல அலசி சலிச்சது என் மாமியார், நான் கேக்கவே இல்ல. சாப்பிடுற ரூமுக்கு வெளிய ஜன்னலுக்கு கீழ வச்சோம். மொத மூணு நாள் திரும்பியே பாக்கல. நாலாம் நாள் அவன் சிமிண்டுல போன ஈரத்த ஒரு துணியில ஒத்தி அந்த துணிய புது மணல்ல ஒரு ஓரமா புதைச்சு வச்சேன், எனக்கா தோணுச்சு. அன்னைக்கு ராத்திரி பறிக்கிற சத்தம் கேட்டுச்சு. எந்திரிச்சு போகல, படுத்தே கேட்டுக்கிட்டு இருந்தேன்.

ராமேஸ்வரம்_பேத்தி | மே 19, இரவு 9:22
அக்கா நீங்க பண்ணது சரியான வழி. கூடவே தண்ணி ஒரே எடத்துல வைக்காம மூணு எடத்துல, அகலமான மண் சட்டியில வைங்க. வீட்ல எடுக்குற குடி தண்ணியே குடுங்க, போர் தண்ணி வேண்டாம்.

தங்கச்சிமடம்_கரை | ஜூன் 17, காலை 10:30
தடை முடிஞ்சு போட் போயிட்டு வந்துருச்சு. வலை திண்ணையில இருந்து போயாச்சு. நேத்து அவுக ஒரு பை காரல் தனியா கட்டி கொண்டாந்தாங்க, இது சூடைக்குன்னு சொல்லி. தல முள்ளு எடுத்து அவிச்சு அந்த தண்ணியோடயே வச்சேன், டாக்டர்ட்ட கேட்டுட்டுத்தான், மருந்து தீனியோட கொஞ்சமா. சட்டிய வழிச்சு நக்கிட்டான். இன்னைக்கு காலையில பெட்டிய அள்ளுனேன், மூணு ஈரக் கட்டி இருந்துச்சு, ஒவ்வொண்ணும் எலுமிச்சம்பழம் அளவு.